அமெரிக்காவின் கிராமப் பள்ளி விளையாட்டுக் கூட்டமைப்புகள் ஏன் மறைந்தன?

இந்தியானா மாநிலத்தை எடுத்துக்கொண்டால், பள்ளிகளே மறைந்ததுதான் காரணம். ஒரு காலத்தில் அங்கே சிற்றூர்களிலும் உயர்நிலைப் பள்ளி இருந்தது. ஒரே கவுண்டியின் (நம் மாவட்டம் போன்ற பிரிவு) பள்ளிகள் சேர்ந்து, தங்களுக்குள் ஆடக் கூடைப்பந்துக் கூட்டமைப்பு வைத்துக்கொண்டன. பயணம் குறைவு, பக்கத்து ஊர்ப் போட்டி வேறு. கூட்டத்துக்குக் கேட்கவா வேண்டும்!

மாநிலப் போட்டியிலும் பெரிய பள்ளி, சின்னப் பள்ளி என்ற பிரிவு கிடையாது. 1954 இறுதிப் போட்டியில், 161 மாணவர்களே படித்த மைலன் பள்ளி, பெரிய பள்ளியான மன்சி சென்ட்ரலை 32-30 என்று வீழ்த்தியது. மைலன் வீரர் பாபி பிளம்ப் நான்கு நிமிடத்துக்கும் மேல் பந்தைக் கையிலேயே வைத்திருந்தார். கடைசி நொடிகளில் வெற்றிப் பந்தைப் போட்டவரும் அவரே.

அப்புறம் வந்தது பள்ளிகளைச் சீரமைக்கும் 1959 மாநிலச் சட்டம். சிறிய பள்ளிகள் இணைக்கப்பட்டன. கவுண்டிக்குள் ஆடப் போதிய அணிகள் இல்லாததால், எல்லை தாண்டிய கூட்டமைப்புகள் வந்தன. 1997-98 முதல் மாநிலப் போட்டியும் மாணவர் எண்ணிக்கைப்படி நான்கு பிரிவானது. பழைய ரசிகர்கள் பலருக்கு அதில் இன்னும் கோபம்தான்.