ஸ்கேட்போர்டில் போனவர் மீது கார் மோதினால் வி00 வரிசையா, வி03 வரிசையா?

கேள்வியைக் கேட்டவர் அமெரிக்க மருத்துவமனைகளின் அவசரப் பிரிவுச் சார்ட்டுகளுக்கு (நோயாளியின் சிகிச்சைப் பதிவுகளுக்கு) ஐசிடி-10-சிஎம் குறியீடு, அதாவது நோயையும் காயத்தையும் அவற்றின் காரணத்தையும் குறிக்கும் குறியீடு, இடும் வேலையில் புதிதாகச் சேர்ந்திருக்கிறார். என்கோடரில் (குறியீடு தேடும் மென்பொருளில்) "ஸ்கேட்போர்டு" என்றோ "ஸ்கூட்டர்" என்றோ தேடினால் வி00 வரிசைதான் முதலில் வருகிறது, ஆனால் இட்ட குறியீடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டர் அதை அடித்துவிட்டு வி03 என்று திருத்துகிறார், இரண்டில் எது சரி என்பது அவருடைய சந்தேகம். மோதிய வாகனம் கார் என்று சார்ட்டில் இருக்கும்வரை ஆடிட்டர் செய்ததுதான் சரி. ஏன் என்று புரிந்துகொண்டால் இந்த வகைச் சார்ட்டுகளில் பெரும்பாலானவற்றைத் தேடல் பெட்டியின் உதவி இல்லாமலேயே முடித்துவிடலாம்.

போக்குவரத்து விபத்துகளுக்கான வி குறியீடுகள் காயம்பட்டவர் யார் என்பதிலிருந்துதான் தொடங்குகின்றன. ஸ்கேட்போர்டு, ரோலர் ஸ்கேட், காலால் உந்தித் தள்ளும் ஸ்கூட்டர், நின்றபடி ஓட்டும் மின் ஸ்கூட்டர், சக்கர நாற்காலி, குழந்தைத் தள்ளுவண்டி ஆகிய எதில் இருந்தாலும் அவர் பாதசாரிதான். வாகன ஓட்டி அல்ல. அடுத்து எதனுடன் மோதினார் என்று பார்க்க வேண்டும். மிதிவண்டி என்றால் வி01, இரண்டு அல்லது மூன்று சக்கர மோட்டார் வாகனம் என்றால் வி02, கார், பிக்கப், வேன் என்றால் வி03, கனரக வாகனம் அல்லது பேருந்து என்றால் வி04, ரயில் என்றால் வி05. அதன் பிறகு பொதுச் சாலையில் நடந்ததா இல்லையா என்ற கேள்வி வருகிறது. காலடியில் என்ன இருந்தது என்பது கடைசியில்தான் குறியீட்டுக்குள் நுழைகிறது. சார்ட்டைப் படிக்கும்போது கண்ணில் முதலில் படுவது ஸ்கேட்போர்டு என்ற சொல்லாக இருப்பதால், கடைசியில் பார்க்க வேண்டியதை முதலில் பார்த்துவிடுகிறோம். குழப்பத்தின் வேர் அதுதான்.

வி00 என்பது வேறு தரைவழி வாகனம் எதுவும் மோதாத விபத்துகளுக்கு உரியது. ஸ்கேட்போர்டிலிருந்து தானாக விழுந்தால் வி00.131, கம்பத்தின் மீதோ சுவரின் மீதோ போய் மோதினால் வி00.132. காலால் தள்ளும் ஸ்கூட்டருக்கு இவற்றுக்கு இணையானவை வி00.141, வி00.142. இன்னொரு வாகனத்துடன் மோதியிருந்தால் வி01 முதல் வி09 வரையிலான வரிசைக்குப் போகும்படி வி00-இன் கீழேயே விலக்குக் குறிப்பு எழுதப்பட்டிருக்கிறது. என்கோடர் அந்தக் குறிப்பைக் காட்டத்தான் செய்கிறது, நாம்தான் அதைத் திறந்து பார்ப்பதில்லை. நகராமல் நின்றிருந்த தள்ளு ஸ்கூட்டரிலிருந்து விழுந்திருந்தாலோ அது போக்குவரத்து விபத்தாகவே ஆகாது, விழுதல்களுக்கான டபிள்யூ05.1-க்குப் போய்விடும்.

ஒரு மாதிரிச் சார்ட்டை எடுத்துக்கொள்வோம். பதினாறு வயதுப் பையன் மாலையில் பொழுதுபோக்காக ஸ்கேட்போர்டில் கடைத்தெருவைக் கடக்கும்போது கார் இடித்துக் கையை ஊன்றி விழுந்திருக்கிறான். வலது மணிக்கட்டில் கோலிஸ் முறிவு, எலும்பு வெளியே தெரியவில்லை, நினைவு தப்பாத மூளை அதிர்ச்சியும் உண்டு. காயக் குறியீடுகளான எஸ்52.531ஏ, எஸ்06.0எக்ஸ்0ஏ ஆகியவை முன்னால் வர வேண்டும், ஏனென்றால் காயம் எப்படி ஏற்பட்டது என்று சொல்லும் புறக்காரணக் குறியீடு ஒருபோதும் முதன்மை நோயறிதலாக நிற்க முடியாது. பிறகு வி03.12எக்ஸ்ஏ: காருடன் மோதிய பாதசாரி என்பதற்கு 03, பொதுச் சாலை என்பதற்கு 1, ஸ்கேட்போர்டு என்பதற்கு 2, இடத்தை நிரப்ப எக்ஸ், முதல்கட்டச் சிகிச்சை என்பதற்கு ஏ. அதன் பின் இடத்துக்கு ஒய்92.414, ஸ்கேட்போர்டு ஓட்டிய செயலுக்கு ஒய்93.51, வேலையாகப் போனானா பொழுதுபோக்காகவா என்ற நிலைக்கு, பொழுதுபோக்காகப் போனதால், ஒய்99.8. கடைசி மூன்றும் முதல் வருகையில் ஒரே ஒரு முறைதான் இடப்படும்; அவற்றுக்குச் சிகிச்சைக் கட்டத்தைக் காட்டும் ஏழாம் எழுத்தும் கிடையாது.

அதே பையன் சில வாரங்கள் கழித்துக் கட்டைச் சரிபார்க்க வந்து, முறிவு வழக்கம்போல் கூடிவருகிறது என்று மருத்துவர் எழுதினால், எஸ்52.531டி, வி03.12எக்ஸ்டி என்று இரண்டும் மாறும். எலும்பு கூடத் தாமதமானால் முறிவின் ஏழாம் எழுத்து ஜி ஆகிவிடும். வி குறியீட்டில் அப்படி ஓர் எழுத்தே இல்லை, அங்கே ஏ, டி (தொடர் வருகை), எஸ் (காயத்தின் பின்விளைவு) ஆகிய மூன்றுதான் என்பதால் டி அப்படியே நிற்கும். இரண்டு எழுத்தும் ஒன்றுபோல் இல்லையே என்று இதைப் பிழையாகக் குறித்து அனுப்பும் ஆடிட் தாள்களும் உண்டு. தயங்காமல் மறுத்து எழுதுங்கள்.

மின் ஸ்கூட்டருக்குத் தனி இடம் 2020 அக்டோபர் 1 முதல்தான் கிடைத்தது. அன்றிலிருந்து நின்றபடி ஓட்டும் மின் ஸ்கூட்டரில் வந்தவரைச் சாலையில் கார் மோதினால் வி03.131, தானாக விழுந்தால் வி00.841, ஹோவர்போர்டு, செக்வே போன்றவை 8-இல் முடியும் குறியீடுகளுக்குப் போகும். வி03.131-இல் ஏற்கெனவே ஆறு எழுத்துகள் நிரம்பிவிட்டதால் எக்ஸ் வராது, நேராக வி03.131ஏ. மோட்டார் இல்லாத தள்ளு ஸ்கூட்டருக்குக் கார் மோதலில் தனி எண் தரப்படவில்லை. சக்கர நாற்காலியோடு சேர்த்து வி03.19-இல் அடக்கிவிட்டார்கள். இருக்கையில் உட்கார்ந்து பெட்ரோலில் ஓட்டும் ஸ்கூட்டர் இந்தக் குடும்பத்திலேயே சேராது. அதையும் மொபெட்டையும் ஐசிடி மோட்டார்சைக்கிளாகவே எண்ணுகிறது, ஆகவே வி20 முதல் வி29 வரை பார்க்க வேண்டும். 2022 அக்டோபர் 1 முதல் மின் உதவி மிதிவண்டிக்கான குறியீடுகளும் அந்த வரிசைக்குள்தான் வந்திருக்கின்றன. சார்ட்டில் வெறுமனே ஸ்கூட்டர் என்று மட்டும் இருந்தால் ஆம்புலன்ஸ் குழுவினரின் குறிப்பையும் வந்தவுடன் நோயாளியைப் பார்க்கும் டிரியாஜ் செவிலியரின் குறிப்பையும் படித்துவிட்டே முடிவு செய்யுங்கள். தலைக்கவசம், வேகம், நின்றாரா உட்கார்ந்திருந்தாரா என்பன போன்ற தகவல்கள் பெரும்பாலும் அங்கேதான் கிடக்கும்.

பொதுச் சாலையா என்ற கேள்வியில்தான் அனுபவசாலிகளும் தடுமாறுவதைப் பார்க்கிறேன். கார் நடைபாதை மேல் ஏறி ஸ்கேட்போர்டுக்காரரை இடித்துவிட்டால், சாலையில் நடக்கவில்லையே என்று பொதுச் சாலை அல்லாத இடத்துக்கான வி03.02-ஐ இட்டுவிடுகிறார்கள். ஆனால் ஐசிடியின் வரையறைப்படி பொதுச் சாலை என்பது வண்டி ஓடும் தார்ப்பரப்பு மட்டுமல்ல. மக்களின் போக்குவரத்துக்குத் திறந்திருக்கும் நிலத்தில் இருபுறச் சொத்து எல்லைகளுக்கு இடைப்பட்ட முழு அகலமும் அதுதான். சாலையோர நடைபாதை அதற்குள் அடங்கிவிடுவதால் அது வி03.12 ஆகிறது, இடக் குறியீட்டில் மட்டும் நடைபாதைக்குரிய ஒய்92.480 வரும். வீட்டுக்குள் போகும் தனியார் வழியில் நடந்ததென்றால் வி03.02. இடமே எழுதப்படவில்லை என்றால், வாகன விபத்து பொதுச் சாலையில் நடந்ததாகவே கொள்ள வேண்டும் என்று அதே வரையறை சொல்கிறது. இந்த ஊகத்தைச் சரியாகப் பின்பற்றினால், சாலையா இல்லையா தெரியாது என்ற வி03.92-க்கு அநேகமாக வேலையே இருக்காது. அது ஏன் புத்தகத்தில் இன்னும் இருக்கிறது என்று நானும் யோசித்ததுண்டு.

எதிர்த்தரப்பும் காயம்பட்டு வந்தால் அவருடைய சார்ட் வேறு கணக்கு. ஸ்கேட்போர்டுக்காரர் மீது மோதிய மிதிவண்டிக்காரர் வி10-க்குப் போவார், மோதப்பட்டவருக்குச் சாலையில் வி01.12, மோதியது காராக இருந்து ஓட்டுநர் காயம்பட்டிருந்தால் அவருக்கு வி40.5. வேண்டுமென்றே வண்டியால் மோதினார்கள் என்று மருத்துவர் எழுதியிருந்தால் விபத்து வரிசையையே விட்டுவிட்டுத் தாக்குதலுக்கான ஒய்03.0-க்குப் போக வேண்டும். நோக்கம் தெரியவில்லை என்றால் விபத்தாகவே குறிக்க வேண்டும் என்பது வழிகாட்டி நெறி.

இவ்வளவு சிரமம் தேவையா என்றும் அவர் கேட்டிருந்தார். புறக்காரணக் குறியீடுகளை நாடு முழுவதும் கட்டாயமாக இட வேண்டும் என்ற விதி அமெரிக்காவில் இல்லை. மாநிலச் சட்டமோ பணம் தரும் காப்பீட்டாளரோ கேட்டால்தான் கட்டாயம். ஆனாலும் விபத்துச் செலவை வாகனக் காப்பீடு ஏற்க வேண்டுமா, மருத்துவக் காப்பீடு ஏற்க வேண்டுமா என்று பிரிப்பவர்கள் முதலில் பார்க்கும் தடயங்களில் இந்தக் குறியீடும் ஒன்று. கார் மோதிய சார்ட்டில் வி00.131 இருந்தால் அதில் காரே கிடையாது, பையன் தானாக விழுந்தான் என்றுதான் அதைப் படிப்பவர் எடுத்துக்கொள்வார்.

மோட்டார் வாகனம் மோதியது, என்ன வாகனம் என்று தெரியவில்லை, இடித்தவர் நிற்காமல் போய்விட்டார் என்ற சார்ட்டுகளும் வரும். அங்கே வி03-ஐ ஊகித்து இடக்கூடாது. சாலையில் அடையாளம் தெரியாத மோட்டார் வாகனத்துக்கு வி09.20 இருக்கிறது. அதில் ஸ்கேட்போர்டைக் குறிக்க இடமில்லை என்பதால் ஒய்93.51-ஐ விட்டுவிடாதீர்கள். அந்தச் சார்ட்டில் அவர் ஸ்கேட்போர்டில் போனார் என்பதற்கு மிஞ்சும் குறியீடு அது ஒன்றுதான்.