பழைய நேரமோ, புதிய நேரமோ?

அன்புள்ள ஐயா,

நான் எழுதிவரும் விண்வெளி நாவலில், நாற்பது கோள்களில் பரந்து வாழும் ஒரு நாகரிகத்துக்கு நாட்காட்டி ஒன்றை அமைத்திருக்கிறேன். பத்து நாள் ஒரு வாரம், பத்து வாரம் ஒரு பருவம். முதற்கப்பல் புறப்பட்ட நாளே தொடக்கம். தலைமைக் கோள் அறிவிக்கும் திகதியையே எல்லாக் கோள்களும் பின்பற்றுகின்றன. ஒளிவேகத்தை அண்மித்துப் பயணிப்பவர்களுக்குக் காலம் குறைவாகக் கழியுமே, அவர்களுடைய வயதை எப்படிக் குறிப்பது? பருவங்களுக்குத் தூய தமிழ்ப் பெயர்கள் வைக்கலாமா? மூன்று அத்தியாயங்களை இணைத்துள்ளேன்.

வெள்ளவத்தையிலிருந்து ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

உங்கள் கடிதம் வந்த அன்று, காலஞ்சென்ற என் அம்மாவின் சுவாமியறை மணிக்கூட்டைத் துடைத்துக்கொண்டிருந்தேன். அதனால்தான் உடனே எழுதுகிறேன்.

கேட்டவற்றை முதலில் முடித்துவிடுகிறேன். கப்பலில் போனவள் தன் வயதைக் கப்பல் மணிக்கூட்டால் எண்ணுவாள், ஊரில் நின்றவர்கள் ஊர்க் கணக்கால் எண்ணுவார்கள், இரண்டும் சரி. பெயர்களை நாவல் முடிந்தபின் வையுங்கள்.

என்னை உறுத்தியது நீங்கள் கேட்காத ஒன்று. உங்கள் கணக்கில் ஒரு பிழையும் இல்லை. அதை எவ்வளவு ஆசையோடு செய்திருக்கிறீர்கள் என்பதும் தெரிகிறது. ஆனால் மூன்று அத்தியாயங்களிலும் தலைமைக் கோளின் திகதியை மறுத்தவர் ஒருவர்கூட இல்லை. நாற்பது கோள்களில் ஒரு கிழவியேனும் முணுமுணுக்கவில்லை என்று எழுதுவது சோம்பல், தம்பி. பிரெஞ்சுப் புரட்சி அரசு 1793இல் பத்து நாள் வாரத்தை உண்மையிலேயே கொண்டுவந்தது. ஏழு நாளுக்கொருமுறை இருந்த ஓய்வு பத்து நாளுக்கொருமுறையாகிப் போனதை உழைக்கும் சனங்கள் விரும்பவில்லை. 1806 ஜனவரி 1ஆம் திகதி பழைய நாட்காட்டியே திரும்பி வந்தது.

அவ்வளவு தூரம் போகவும் தேவையில்லை. 1966இல் இலங்கையில் சனி, ஞாயிறு விடுமுறையை நீக்கிவிட்டு, அமாவாசை, பௌர்ணமி, இரண்டு அட்டமிகள் ஆகிய, பௌத்தர்கள் புனிதமாகக் கொள்ளும் போயா நாள்களை வார விடுமுறையாக்கினார்கள். சந்திர மாதம் ஏறத்தாழ 29½ நாள் என்பதால், அதை நான்காகப் பிரிக்கும்போது சில வாரங்கள் எட்டு நாளாக நீண்டன. நான் அப்போது பள்ளிக்கூடச் சிறுவன். நாளைக்கு என்ன கிழமை என்று நாங்கள் கேட்பதில்லை, போயாவா என்றுதான் கேட்போம். அடுத்த வீட்டுக் கத்தோலிக்கக் குடும்பமோ ஞாயிறு விடியற்பூசைக்குப் போய், அங்கிருந்தே கந்தோருக்கும் பள்ளிக்கூடத்துக்கும் ஓடும். 1971இல் ஞாயிறு விடுமுறை திரும்பும்வரை அவர்கள் ஒரு வாரமும் பூசையைத் தவறவிடவில்லை.

இனி மணிக்கூட்டின் கதை. நேரம் வேறு, நாட்காட்டி வேறு என்று நீங்கள் சொல்லக்கூடும். ஆனால் இரண்டையும் அறிவிப்பது ஒரே கைதான். 1996 மே மாதம், மழை பொய்த்து நீர்மின் நிலையங்கள் தளர்ந்திருந்த நாள்களில், பகல் வெளிச்சத்தைப் பயன்படுத்தி மின்சாரத்தை மிச்சம்பிடிப்பதற்காக நாட்டின் நேரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளினார்கள். ஒக்டோபரில் அதில் அரை மணித்தியாலத்தைத் திருப்பித் தந்தார்கள். எஞ்சிய அரை மணித்தியாலம் 2006 ஏப்ரல் வரை நின்றது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த வன்னி அதை ஏற்கவேயில்லை. 2003இல் அம்மாவை அழைத்துக்கொண்டு ஏ9 வீதியால் யாழ்ப்பாணம் போனேன். ஓமந்தையைத் தாண்டி வன்னிக்குள் நுழைந்ததும் வான் சாரதி தன் கைக்கடிகாரத்தின் திருகியை நகத்தால் இழுத்து, முள்ளை அரை மணித்தியாலம் பின்னே சுற்றினார். முகமாலையைத் தாண்டி அதைவிட்டு வெளியேறியதும் மறுபடி முன்னே சுற்றினார். ஒரே தீவில், ஒரே பகலில், இரண்டு முறை. அம்மா தன் கடிகாரத்தைத் தொடவே இல்லை.

கொழும்பு வீட்டிலும் சுவாமியறை மணிக்கூடு பழைய நேரத்திலேயே ஓடியது. பஞ்சாங்கத்தில் இராகு காலம் பழைய நேரத்துக்குத்தானே போட்டிருக்கிறது என்பது அம்மாவின் நியாயம். கந்தோருக்குப் புறப்படும்போது விறாந்தை மணிக்கூட்டைப் பார்ப்போம், நல்ல காரியமென்றால் சுவாமியறையை எட்டிப் பார்ப்போம். கலியாண அழைப்பிதழுடன் யார் வந்தாலும், தேத்தண்ணீர் கொடுக்குமுன் அம்மா கேட்பது ஒன்றுதான்: “பழைய நேரமோ, புதிய நேரமோ?” உங்கள் நாற்பது கோள்களில் இந்தக் கேள்வியைக் கேட்க ஒருவரும் இல்லாததால்தான் அவற்றில் எனக்கு ஒரு வீடும் கண்ணில் படவில்லை. அரசாணை எப்படி எழுதப்பட்டது என்பதற்குப் பதினொரு பக்கம் ஒதுக்கியிருக்கிறீர்கள்; அது ஒரு சமையலறைக்குள் வந்து சேர்ந்தபோது என்ன நடந்தது என்பதற்கு ஒரு வரியும் இல்லை.

2006 ஏப்ரலில் வீட்டிலிருந்த மணிக்கூடுகள் எல்லாவற்றையும் திருத்தினோம். சுவாமியறை மணிக்கூட்டை மட்டும் யாரும் தொட வேண்டியிருக்கவில்லை.

இரண்டாம் அத்தியாயத்தைத் திரும்ப எழுதி அனுப்புங்கள். தலைமைக் கோளின் அறிவிப்பு வரும் இடத்தில், கடைக்கோடிக் கோள் ஒன்றில் ஒருத்தி தன் திகதியை மாற்றாமல் இருக்கட்டும். அவள் ஏன் மாற்றவில்லை, அதனால் அவளுடைய மகனுக்கு வேலைத்தலத்தில் என்ன தொல்லை வந்தது என்பதை எழுதுங்கள். காத்திருக்கிறேன்.

அன்புடன்.