சுற்றுச்சூழல் அறிவியலைப் பொதுமக்களுக்குப் புரியவைக்க ஓவியம் உதவுமா?

உதவும். ஆனால் எந்தப் படம் என்பதைப் பொறுத்தது.

நான் வேளச்சேரியில் ஓவிய வகுப்பு எடுக்கிறேன். சில வருடங்களுக்கு முன் மாணவர்களோடு சேர்ந்து ஒரு காம்பவுண்டு சுவரில் அழுகிற பூமி உருண்டையை வரைந்தோம். ஒரு வாரம் வேலை. நின்று பார்த்தவர்கள் மிகக் குறைவு. யாருக்கும் தெரியாத எதையும் அந்தப் படம் சொல்லவில்லை என்பது பிறகுதான் புரிந்தது.

அடுத்த மார்கழியில் கோலத்தில் முயன்றோம். பள்ளிக்கரணை சதுப்பு நிலம் 50, 60 வருடங்களுக்கு முன் 5,000 ஹெக்டேருக்கு மேல் இருந்தது. 2022-இல் உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களின் பட்டியலான ராம்சார் பட்டியலில் சேர்ந்தபோது பதிவான பரப்பு சுமார் 1,250 ஹெக்டேர். இதை வாயால் சொன்னால் காதில் ஏறாது. ஹெக்டேர் என்றால் எவ்வளவு என்று எனக்கே சட்டென்று கண்ணில் வராது. சரி, ஒரு புள்ளிக்கு 100 ஹெக்டேர் என்று வைத்துக்கொண்டோம். 10 புள்ளி, 5 வரிசை, மொத்தம் 50 புள்ளியில் ஒரு சிக்குக் கோலம். பக்கத்திலேயே அதே அளவில் இன்னொன்று. அதில் 12 புள்ளிகளைச் சுற்றி மட்டும் கம்பி, அதாவது கோலக் கோடு, இழுத்துவிட்டு, மற்ற 38 புள்ளிகள் இருக்க வேண்டிய இடத்தைச் செங்கல் பொடியால் மூடினோம். கம்பி அந்தச் சிவப்பின் ஓரம் வரை வந்து அப்படியே நின்றது.

பால் வாங்க வந்த எதிர்வீட்டுப் பாட்டிக்கு அது பொறுக்கவில்லை. "ஏம்மா, கம்பியை முடிக்காம விட்டிருக்கே?" என்றார். சிக்குக் கோலத்தில் கம்பி கிளம்பிய இடத்துக்கே வந்து சேர வேண்டும் இல்லையா? கம்பிதான் தண்ணீர் என்று சொன்னேன். தென்சென்னை ஏரிகளின் உபரி நீர் சதுப்பில் வந்து தங்கி, ஒக்கியம் மடுவு வழியாகப் பக்கிங்ஹாம் கால்வாய்க்குப் போய், கோவளம் முகத்துவாரத்தில் கடலைச் சேரும். தங்குகிற இடத்தை மூடிவிட்டால் அது எங்கே போகும்?

பாட்டி செங்கல் பொடியையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்போ 2015-ல எங்க வீட்டுக்குள்ள இடுப்பளவு நின்ன தண்ணி, இங்க நிக்க வேண்டியதா?"

அந்த வெள்ளத்துக்கு இது ஒன்று மட்டும் காரணம் இல்லை, மழையும் அப்படிக் கொட்டியது என்பதையும் சொன்னேன். ஆனால் அந்தக் கேள்வியை அவரே கேட்டார். பூமி உருண்டையைப் பார்த்து யாரும் என்னிடம் எதுவும் கேட்டதில்லை. கோலம் படிக்கத் தெரியாதவர் எங்கள் தெருவில் கிடையாது, அதுதான் வித்தியாசம் என்று நினைக்கிறேன்.

இந்த யோசனைக்கு வித்து, பிரிட்டன் காலநிலை விஞ்ஞானி எட் ஹாக்கின்ஸ் 2018-இல் வெளியிட்ட வெப்பக் கோடுகள். வருடத்துக்கு ஒரு பட்டை. குளிர்ந்த வருடம் நீலம், சூடான வருடம் சிவப்பு. எழுத்தும் கிடையாது, எண்ணும் கிடையாது. பவானி ஜமக்காளத்தை விரித்த மாதிரி இருக்கும். நீலத்தில் தொடங்கும் கண் சிவப்பில் போய் முடியும்போது விஷயம் புரிந்துவிடும்.

நீங்கள் செய்வதாக இருந்தால் எண்ணை, விஷயம் தெரிந்தவர்களிடம் கேட்டுச் சரிபார்த்துவிட்டு வரையுங்கள். அப்புறம், அழகுக்காக அதை வளைக்காதீர்கள். 12 புள்ளிக்குப் பதில் 9 வைத்தால் மூன்றுக்கு மூன்றாகக் கச்சிதமாக வரும் என்றாள் என் மாணவி ஒருத்தி. பார்க்க நன்றாகத்தான் இருந்திருக்கும். வேண்டாம் என்றேன். மூன்று புள்ளி என்றால் 300 ஹெக்டேர்.