அச்சீவ்மென்ட் ஸ்கோர் எதைக் கணக்கிடுகிறது?

நீங்களும் உங்கள் நண்பரும் ஒரே ஆன்லைன் ரோல்-பிளேயிங் கேமை விளையாடுகிறீர்கள். ஒரே ரெய்டுகளை (பலர் குழுவாகச் சேர்ந்து செய்யும் பெரிய சண்டைகளை) ஒன்றாகவே முடித்திருக்கிறீர்கள். ஆனாலும் அவருடைய அச்சீவ்மென்ட் ஸ்கோர், அதாவது கேம் பட்டியலிட்ட சாதனைகளுக்குக் கிடைக்கும் புள்ளிகளின் கூட்டுத்தொகை, உங்களுடையதைப்போல் மூன்று மடங்கு இருக்கிறது. இது எப்படிக் கணக்கிடப்படுகிறது, அவர் அவ்வளவு திறமைசாலியா என்று கேட்டிருக்கிறீர்கள். எந்தக் கேம் என்று கேள்வியில் இல்லாததால், நான் பல ஆண்டுகள் விளையாடிய சில கேம்களை வைத்தே சொல்கிறேன். இரண்டாவது கேள்விக்கு உடனே பதில் சொல்லிவிடலாம்: அந்த எண்ணை வைத்து அப்படி முடிவு செய்ய இடமே இல்லை. அது பெரும்பாலும் ஒருவர் எத்தனை விதமான வேலைகளை, எவ்வளவு காலம், எவ்வளவு விடாமல் செய்தார் என்பதைத்தான் கூட்டிக் காட்டுகிறது. ஏன் என்பது முதல் கேள்வியின் பதிலில் இருக்கிறது.

நீங்கள் விளையாடும்போது கேமில் நிகழும் ஒவ்வொரு செயலும், அதாவது ஒரு பாஸ் (பெரிய எதிரி) வீழ்வது, ஒரு குவெஸ்ட் (கேம் கொடுக்கும் பணி) முடிவது, ஒரு புதிய பகுதிக்குள் காலடி வைப்பது, ஒரு மீனைப் பிடிப்பது போன்றவை எல்லாம், சர்வரில் ஒரு நிகழ்வாகப் பதிவாகிறது. அச்சீவ்மென்ட் ஒவ்வொன்றுக்கும் சில நிபந்தனைகள் எழுதப்பட்டிருக்கும். நிகழ்வு நடந்தவுடன் சர்வர் அதற்குத் தொடர்புள்ள நிபந்தனைகளை மட்டும் எடுத்துப் பார்த்து, எண்ணிக்கையை ஒன்று கூட்டும் அல்லது ஒரு பெட்டியில் டிக் போடும்; எல்லா நிபந்தனைகளும் நிறைவேறியதும் அச்சீவ்மென்ட் திறந்து, அதற்குரிய புள்ளி உங்கள் மொத்தத்தில் சேரும். இந்தக் கணக்கு முழுவதும் சர்வரில் நடப்பதால், உங்கள் கணினியில் உள்ள கோப்புகளைத் திருத்தி ஸ்கோரை உயர்த்திவிட முடியாது.

இங்கே ஒரு நுட்பமான வேறுபாடு இருக்கிறது; இதைப் புரிந்துகொள்ளாதவர்கள்தான் "நான் இதை எப்போதோ முடித்துவிட்டேனே, ஏன் புள்ளி வரவில்லை?" என்று வருந்துகிறார்கள். சில நிபந்தனைகள் உங்கள் கேரக்டரின் இப்போதைய நிலையைப் பார்ப்பவை: எந்த லெவல், ஒரு குழுவினரிடம் எவ்வளவு நன்மதிப்பு, எத்தனை மவுண்டுகள் (சவாரி விலங்குகள்) கையில் உள்ளன என்பவை. அவை சர்வரில் ஏற்கெனவே இருப்பதால், அச்சீவ்மென்ட் புதிதாகச் சேர்க்கப்பட்டாலும் பழைய உழைப்புக்கு உடனே புள்ளி கிடைத்துவிடும். வேறு சில நிபந்தனைகள் ஒரு நிகழ்வு நடப்பதற்காகக் காத்திருப்பவை. எண்ணத் தொடங்குவதற்கு முன் நடந்ததை எண்ணவே முடியாது. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்ற ஆன்லைன் கேம் 2004-இல் வெளிவந்தது. அச்சீவ்மென்ட் முறை அதில் 2008 அக்டோபரில்தான், அடுத்த மாதம் வரவிருந்த விரிவாக்கத்துக்கு (கேமில் புதிய பகுதிகளைச் சேர்க்கும் பெரிய வெளியீட்டுக்கு) முன்னோடியான பேட்சில், அதாவது புதுப்பிப்பில், சேர்ந்தது. அன்று லெவலுக்கும் நன்மதிப்புக்கும் உரிய அச்சீவ்மென்ட்கள் உள்ளே நுழைந்தவுடன் வரிசையாகத் திறந்தன. அதற்கு முன் எத்தனையோ முறை நாங்கள் முடித்த பழைய டஞ்சன்களுக்கோ (சிறு குழுவாகச் சென்று முடிக்கும் இடங்களுக்கோ) எதுவும் வரவில்லை. எங்கள் கில்டில் (எப்போதும் சேர்ந்து விளையாடும் எங்கள் குழுவில்) பலர் அவற்றை மறுபடியும் முதலிலிருந்து முடித்தோம். அது எனக்கு வேதனையாக இருந்தது என்பதை மறைக்கப் போவதில்லை. நான்கு ஆண்டு நினைவுகள் அந்தப் பட்டியலில் இடம் பெறாமலே போயின.

ஒவ்வொன்றுக்கும் எத்தனை புள்ளி என்பதைத் தீர்மானிப்பது கேமை வடிவமைப்பவர்களின் கணிப்பு மட்டுமே. இதற்கு எந்தச் சூத்திரமும் இல்லை. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்டில் பெரும்பாலான அச்சீவ்மென்ட்களுக்கு 10 புள்ளிகள். ஒரு நாட்டின் எல்லா மூலைகளையும் சுற்றி வந்தாலும் 10. பல வாரங்கள் தோற்றுத் தோற்றுக் கடைசியில் வீழ்த்திய ஒரு கடினமான பாஸுக்கும் பல சமயம் அதே 10. ஆண்டு முழுவதும் வரும் திருவிழாக்களின் அச்சீவ்மென்ட்களை எல்லாம் முடித்தால் கிடைக்கும் தொகுப்பு அச்சீவ்மென்ட்டுக்கு 50 புள்ளிகளும், ஊதா நிற டிராகன் ஒன்று மவுண்டாகவும் கிடைக்கும். அதில் சண்டைத் திறமைக்குப் பெரிய வேலை இல்லை. தேவைப்படுவது நாள்காட்டியைப் பார்த்து, திருவிழா நடக்கும் சில நாட்களுக்குள் தவறாமல் உள்ளே வரும் ஒழுங்கு. அந்த ஒழுங்கை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் உங்கள் நண்பரிடம் அது இருந்து உங்களிடம் இல்லையென்றால், நீங்கள் இருவரும் ஒரே ரெய்டில் நின்றாலும் ஸ்கோர் ஒன்றாக இருக்காது.

கில்டு வார்ஸ் 2 வேறு வழியைப் பின்பற்றுகிறது. அதில் ஒரே அச்சீவ்மென்ட்டுக்குப் பல படிகள் உண்டு. ஒரு வகை அரக்கர்களைக் கொல்லும் எண்ணிக்கை உயர உயர, ஒவ்வொரு படியிலும் சிறிது புள்ளி சேரும். தினசரி வேலைகளுக்கும் அங்கே புள்ளி கொடுக்கப்பட்டதால், கட்டுப்பாடு இல்லாமல் விட்டிருந்தால் முதல் நாளிலிருந்து விளையாடுபவரைப் பின்னால் வந்தவர் ஒருநாளும் எட்டிப் பிடித்திருக்க முடியாது. அதனால்தான் தினசரி, மாதாந்தர வேலைகளிலிருந்து வரும் புள்ளிகளுக்கு மொத்தம் 15,000 என்று உச்சவரம்பு வைத்தார்கள். இந்த உச்சவரம்பை மிக நியாயமான முடிவாக நான் கருதுகிறேன்.

திறமைக்கு மிக அருகில் வரும் கணக்கு என்று எனக்குத் தோன்றுவது ஓல்டு ஸ்கூல் ரூன்ஸ்கேப்பில் 2021-இல் வந்த போர் அச்சீவ்மென்ட்கள். அவற்றில் ஆறு நிலைகள். மிக எளிய வேலைக்கு 1 புள்ளி, அடுத்த நிலைக்கு 2 என்று ஏறி, மிகக் கடினமானதற்கு 6 புள்ளிகள். ஒரு அடிகூட வாங்காமல் பாஸை வீழ்த்துவது, குறித்த நேரத்துக்குள் முடிப்பது போன்ற நிபந்தனைகள் அவற்றில் உள்ளன. மீன் பிடிப்பதும் ஊர் சுற்றுவதும் அந்தப் பட்டியலில் கலப்பதில்லை. உங்கள் கேமில் இப்படிச் சண்டைக்கென்று தனிப் பட்டியல் இருந்தால், திறமையை ஒப்பிட அதைப் பாருங்கள்.

புள்ளியே இல்லாத அச்சீவ்மென்ட்களும் உண்டு என்பது பலருக்குத் தெரிவதில்லை. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்டில் ஒரு சர்வரில் முதன்முதலாக ஒன்றைச் செய்தவர்களுக்கும், இனி எவராலும் பெற முடியாதவற்றை முன்பே பெற்றவர்களுக்கும் தனிப் பிரிவு இருக்கிறது. அதில் உள்ள எதற்கும் புள்ளி கிடையாது. இதைக் கேட்டதும் அநியாயம் என்று தோன்றலாம், ஏனென்றால் மிக அரிய சாதனைகள்தான் அங்கே இருக்கின்றன. ஆனால் அவற்றுக்குப் புள்ளி கொடுத்தால், நேற்றுச் சேர்ந்தவர் எவ்வளவு உழைத்தாலும் எட்ட முடியாத ஒரு இடைவெளி நிரந்தரமாகிவிடும். கூட்டுத்தொகை எல்லோருக்கும் திறந்திருக்க வேண்டும், அரிய நினைவு அதைப் பெற்றவரின் பட்டியலில் பத்திரமாக இருக்க வேண்டும் என்ற இரண்டையும் இந்த ஏற்பாடு காப்பாற்றுகிறது. எக்ஸ்பாக்ஸ் 360 கன்சோலில் 2005-இல் வந்த கேமர்ஸ்கோர் முறையுடன் இதை ஒப்பிட்டால் பிரச்சினை தெளிவாகும். அங்கே கடையில் விற்கும் ஒரு கேமுக்கு அடிப்படையாக 1,000 புள்ளிகள் என்று வரையறுத்துவிட்டார்கள். ஒரு கேமை முழுமையாக முடித்தோம் என்று சொல்வதற்கு ஓர் எல்லை இருந்தது. ஆண்டுதோறும் வளரும் ஆன்லைன் உலகத்துக்கு அந்த எல்லை கிடையாது. ஒவ்வொரு விரிவாக்கத்துடனும் புதிய புள்ளிகள் சேர்கின்றன. ஐந்து ஆண்டுகளுக்கு முன் வியக்கத்தக்கதாக இருந்த ஒரு ஸ்கோர் இன்று சாதாரணமாகத் தெரியும்.

ஸ்கோர் கேரக்டருடையதா அக்கவுண்டுடையதா என்பதையும் நீங்கள் பார்த்துக்கொள்ள வேண்டும். வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்டில் முதலில் ஒவ்வொரு கேரக்டருக்கும் தனித்தனி ஸ்கோர் இருந்தது. 2012-இல் அது அக்கவுண்ட் முழுமைக்கும் பொதுவானது. எல்டர் ஸ்க்ரோல்ஸ் ஆன்லைன் அதே மாற்றத்தை 2022 மார்ச்சில் செய்தது. பல கேரக்டர்களை வைத்திருப்பவருக்கு எல்லாம் ஒன்றாகச் சேர்வது பெரிய நிம்மதி. அதே சமயம், ஒவ்வொரு கேரக்டருக்கும் ஒரு வாழ்க்கைக் கதை இருப்பதாக நினைத்து விளையாடுபவர்கள், எந்தக் கேரக்டர் எங்கே சென்றது, எதை வென்றது என்ற தனித்தனி வரலாறு கலைந்துபோனதாக வருந்தினார்கள். அந்த வருத்தத்தை நான் முழுமையாக ஒப்புக்கொள்கிறேன். கேரக்டரின் பெயரில் பதிந்த தேதிதான் என்னைப் போன்றவர்களுக்கு டைரி.

புள்ளிகளால் என்ன கிடைக்கும் என்பதும் கேமுக்குக் கேம் மாறும். வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்டில் புள்ளியைக் கொடுத்து எதையும் வாங்க முடியாது. மவுண்ட், பட்டம் போன்ற பரிசுகள் குறிப்பிட்ட அச்சீவ்மென்ட்டுடன் வருபவை. கில்டு வார்ஸ் 2-இல் ஒவ்வொரு 500 புள்ளிக்கும் ஒரு பரிசுப் பெட்டி வரும். ஃபைனல் ஃபேன்டஸி 14-இல் ஒவ்வொரு 50 புள்ளிக்கும் ஒரு சான்றிதழ் கிடைக்கும். அதை ஒருவரிடம் கொடுத்து உடையோ அலங்காரப் பொருளோ பெறலாம்.

திறமை பற்றிய கேள்விக்கு வருகிறேன். 2008-க்குப் பின் வந்த காலத்தில், அறிமுகமில்லாதவர்களைச் சேர்த்து ரெய்டுக்குப் போகும்போது, அந்தப் பாஸை வீழ்த்திய அச்சீவ்மென்ட்டைச் சாட்டில் காட்டச் சொல்வது வழக்கமாகிவிட்டது. அது ஓரளவு நியாயமான சோதனை. மொத்த ஸ்கோரைக் கேட்காமல் குறிப்பிட்ட ஒன்றைக் கேட்டார்கள். ஆனாலும் அதன் குறையை நான் நேரில் பார்த்தேன். எங்கள் கில்டில் இருந்த மிகச் சிறந்த ஹீலர் (குழுவினரின் காயங்களை ஆற்றுபவர்) திருவிழாக்களையோ ஊர் சுற்றுவதையோ தொட்டதே இல்லை. ரெய்டு நேரத்துக்கு வருவார், எதிரியின் அடிகளைத் தாங்கி நிற்கும் டேங்க் சாகாமல் பார்த்துக்கொள்வார், முடிந்ததும் போய்விடுவார். அவர் புதிதாக வேறொரு கேரக்டரை வளர்த்துக்கொண்டு வந்தபோது, அச்சீவ்மென்ட் அந்தக் கேரக்டரில் இல்லை என்ற ஒரே காரணத்துக்காக மூன்று குழுக்கள் அவரைத் திருப்பி அனுப்பின. அவருடைய கை அதே கைதான். அந்த மாலை எனக்கு இன்றும் நினைவிருக்கிறது, ஏனென்றால் அவர் அதன்பின் பல வாரங்கள் வெளியாட்களுடன் விளையாடவே இல்லை.

ரிச்சர்ட் பார்ட்ல் 1996-இல் எழுதிய ஒரு கட்டுரையில், இப்படிப்பட்ட உலகங்களுக்கு வருபவர்களைச் சாதிக்க வருபவர், ஆராய வருபவர், பழக வருபவர், பிறரைத் தாக்க வருபவர் என்று நான்கு வகையாகப் பார்த்தார். 1978-இல் தொடங்கிய, இந்தத் துறையின் முதல் கேம்களில் ஒன்றை உருவாக்கிய இருவரில் அவரும் ஒருவர். அதிலேயே புதையலைச் சதுப்பில் கொண்டுபோய்ப் போட்டால் புள்ளி கிடைக்கும், புள்ளி போதிய அளவு சேர்ந்தால் மந்திரவாதி ஆகலாம். இன்றைய அச்சீவ்மென்ட் பட்டியல் முதல் இரண்டு வகையினருக்கும் தாராளமாகப் புள்ளி கொடுக்கிறது. புதியவருக்குப் பொறுமையாகச் சொல்லிக்கொடுப்பவருக்கும், சண்டையிடும் இருவரைச் சமாதானம் செய்து கில்டைக் காப்பாற்றுபவருக்கும் கொடுக்க அதனிடம் ஒன்றுமில்லை, ஏனென்றால் அவை சர்வரில் நிகழ்வாகப் பதிவதில்லை.

ஆகவே உங்கள் நண்பரின் மொத்த ஸ்கோரை விட்டுவிட்டு, பிரிவு பிரிவாகப் பாருங்கள். வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்றால் அவருடைய கேரக்டரைத் தேர்ந்தெடுத்து அச்சீவ்மென்ட்களை ஒப்பிடும் வசதி இருக்கிறது. இருவருடைய பட்டியலும் பக்கம் பக்கமாக வரும். ரெய்டு பிரிவில் நீங்கள் இருவரும் ஏறக்குறைய சமமாக இருப்பீர்கள் என்று எதிர்பார்க்கிறேன். இடைவெளி திருவிழா, ஊர் சுற்றுதல், நன்மதிப்பு, சேகரிப்பு ஆகியவற்றில் இருக்கும். அவரை எட்ட விரும்பினால் ஊர் சுற்றுவதிலிருந்து தொடங்குங்கள். அதைத் தனியாகச் செய்யலாம், எந்த நாளிலும் செய்யலாம். நன்மதிப்பைத் தினமும் சிறிது சிறிதாகச் சேருங்கள். திருவிழா அச்சீவ்மென்ட்களை மட்டும் தள்ளிப்போடாதீர்கள். ஒன்றைத் தவறவிட்டால் அடுத்த ஆண்டு வரை காத்திருக்க வேண்டும்.