வாசகர் கேள்வி: வெள்ளைப் பலகையா, அசையும் படமா?

கேள்வி: உயர்நிலை ஒன்று, இரண்டில் படிக்கும் பிள்ளைகளுக்கு வார இறுதியில் சமூக மன்றத்தில் கூடைப்பந்து சொல்லித் தருகிறேன். பலகையில் வரைந்து காட்டினால் நன்றாகத் தலையாட்டுகிறார்கள், ஆடுகளத்தில் இறங்கியதும் ஆளுக்கொரு பக்கம் ஓடுகிறார்கள். ஆட்டத் திட்டங்களை வரைந்து அசையவைக்கும் மென்பொருள் வாங்கினால் பலன் உண்டா? – ஈசூன் வாசகர்

பதில்: உண்டு. எங்கே ஓடுவது என்பது பிள்ளைகளுக்குப் பெரும்பாலும் தெரிந்தே இருக்கும், எப்போது ஓடுவது என்பதில்தான் தடுமாறுவார்கள். பலகையில் எல்லா அம்புகளும் ஒன்றாகக் கிடக்கின்றன, எது முதலில் கிளம்ப வேண்டும் என்று பார்த்தவுடன் தெரியாது. அசையும் படத்தில் தெரியும்.

இருவர் சேர்ந்து ஆடும் சாதாரண 'பிக் அண்ட் ரோல்' திட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். படத்தில் ஆட்டக்காரர்களை எண்ணால் குறிப்போம். பந்து வைத்திருக்கும் ஒன்றாம் எண்ணைக் காவல் காப்பவருக்குக் குறுக்கே ஐந்தாம் எண் வந்து ஸ்கிரீன் வைக்கிறார், அதாவது அசையாமல் நின்று வழியை மறிக்கிறார். அவர் காலை ஊன்றி நின்ற பிறகுதான் ஒன்றாம் எண் கிளம்ப வேண்டும், அதுவும் அவர் தோளை உரசுகிற மாதிரி. அரை விநாடி முந்தினாலும் ஐந்தாம் எண் இன்னும் நகர்ந்துகொண்டிருப்பார், அந்த நேரம் பார்த்து காவல்காரர் மேல் மோதினால் நடுவர் ஃபவுல் ஊதிவிடுவார். ஆகவே அசையும் படத்தின் முதல் கட்டத்தில் ஐந்து மட்டும் வரட்டும், இரண்டாவதில் ஒன்று போகட்டும், மூன்றாவதில் ஐந்து திரும்பி வளையத்தை நோக்கி ஓடட்டும்.

இங்கே ஒரு சிக்கல் இருக்கிறது. பல மென்பொருள்களில் ஒரு கட்டத்தில் வரைந்த அசைவுகள் எல்லாம் ஒன்றாகத் தொடங்கி ஒன்றாக முடியும். இரண்டு மீட்டர் நகர்பவரும் எட்டு மீட்டர் ஓடுபவரும் ஒரே நேரத்தில் போய்ச் சேர்ந்துவிடுவார்கள், அதை நம்பி ஆடினால் பாஸ் ஆள் இல்லாத இடத்துக்குத்தான் போகும். நீளமான ஓட்டத்தை இரண்டு கட்டங்களாகப் பிரித்து வரையுங்கள், சரியாகிவிடும். அப்புறம், தடுப்பவர்களையும் கட்டாயம் வரையுங்கள். எதிரில் ஆளே இல்லாத படத்தில் எந்தத் திட்டமும் வெற்றி பெறும்.

ஃபாஸ்ட்டிரா போன்ற அமெரிக்க மென்பொருள்களில் ஆடுகள அளவைப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். நாம் ஆடுவது ஃபிபா (அனைத்துலகக் கூடைப்பந்துச் சம்மேளனம்) களம்: 28 மீட்டருக்கு 15, மூன்று புள்ளிக் கோடு 6.75 மீட்டரில். அமெரிக்கத் தொழில்முறை லீக்கான என்பிஏ களத்தில் அந்தக் கோடு உச்சியில் 7.24 மீட்டர் தள்ளி இருக்கும். குறியீடுகளையும் முதல் நாளே சொல்லிக்கொடுத்துவிடுங்கள்: நேர்க்கோடு ஓட்டம், விட்டுவிட்டு வரும் கோடு பாஸ், நெளிகோடு பந்தைத் தட்டிக்கொண்டு போவது, முனையில் குறுக்குக்கோடு இருந்தால் ஸ்கிரீன்.

உடனே காசு போட வேண்டாம். மடிக்கணினியில் பவர்பாயிண்ட் இருந்தால் ஐந்து வட்டங்களைப் போட்டு அதிலேயே நகரவைத்துப் பாருங்கள். கொஞ்சம் பொறுமை வேண்டும், ஆனால் இரண்டு மூன்று திட்டங்களுக்குப் போதும்.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது, கேள்வி கேட்கக் கூச்சப்படும் பிள்ளைக்கு இது செய்கிற உதவி. கைப்பேசிக்கு அனுப்பிவிட்டால் எம்ஆர்டியில் வரும்போதே பத்துத் தடவை ஓட்டிப் பார்த்துக்கொள்ளலாம், யாரிடமும் போய் நிற்க வேண்டாம். மழையில் களம் நனைந்த நாளில் புளோக்கின் கீழ்த்தளத்தில் உட்காரவைத்துப் படத்தைக் காட்டுங்கள், ஆனால் உடனே எழுப்பி அதே இடத்தில் நடக்கவும் வையுங்கள். பார்த்ததோடு விட்டால் காலுக்கு எதுவும் போய்ச் சேராது.

கேள்வி: நாங்கள் 3x3 (அணிக்கு மூவர், ஒரே வளையம்) மட்டும்தான் ஆடுகிறோம். எங்களுக்கும் இது தேவையா? – தோ பாயோ வாசகர்

பதில்: உங்களுக்குத்தான் இன்னும் அதிகம் தேவை. ஃபிபா 3x3 விதிப்படி ஆட்டத்தின்போது பயிற்றுவிப்பாளர் ஓரத்தில் நின்று சொல்லித்தர முடியாது, பந்து கைக்கு வந்தால் கூடையை நோக்கி எறிய 12 விநாடிதான். முதலில் வரைய வேண்டியது எதிரணி கூடை போட்ட அடுத்த நொடி: வளையத்தின் கீழே பந்தை எடுப்பவர் யார், 6.75 மீட்டர் கோட்டு வளைவுக்கு வெளியே அதை வாங்க நிற்பவர் யார், மூன்றாமவர் எந்தப் பக்கம் விலக வேண்டும்.