சோலார் மிச்சம்: செக்கா, கணக்கிலேயே விடுவதா?

இந்த மாதம் வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் கலிஃபோர்னியாவில் கூரையில் பேனல் போட்டவர்களிடமிருந்து. அதனால் வேறு விஷயங்களை அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டு, முழுப் பகுதியையும் இதற்கே கொடுத்துவிட்டோம்.

கேள்வி: 2020-ல் பேனல் போட்டோம். வருடக் கணக்கு முடிக்கும் ட்ரூ-அப் பில் போன வாரம் வந்தது. 900 யூனிட் மிச்சம் என்று இருந்தது, கணக்கில் 290 டாலர் க்ரெடிட்டும் காட்டியது. ஆனால் எங்களுக்குத் தருவது 31 டாலர் சொச்சம்தானாம். அதையும் செக்காக அனுப்பவா, அடுத்த பில்லில் கழிக்கவா என்று கேட்கிறார்கள். மீதிப் பணம் எங்கே போனது? எதைத் தேர்ந்தெடுப்பது?
(வாசகி, ஃப்ரீமான்ட்)

பதில்: உங்கள் கோபம் புரிகிறது. ஆனால் யாரும் கணக்கைத் தவறாகப் போடவில்லை, விதியே அப்படித்தான் இருக்கிறது. நீங்கள் 2020-ல் சேர்ந்ததால் உங்களுக்கு இரண்டாவது நெட் மீட்டரிங் திட்டம், அதாவது நீங்கள் வெளியே அனுப்பும் மின்சாரத்தையும் எடுக்கும் மின்சாரத்தையும் ஒன்றுக்கொன்று கழித்துக் கணக்குப் போடும் முறை. அதில் உங்கள் பேரில் இரண்டு கணக்குகள் ஓடுகின்றன, ஒன்று டாலரில், இன்னொன்று யூனிட்டில். வருடத்துக்குள் நீங்கள் வெளியே அனுப்பும் ஒவ்வொரு யூனிட்டுக்கும் அந்த நேரத்தின் சில்லறை விலையை ஒட்டி டாலர் க்ரெடிட் ஏறுகிறது, எடுக்கும்போது இறங்குகிறது. பன்னிரண்டு மாதம் முடிந்ததும் டாலர் கணக்கில் மிச்சமிருந்தால் அது பூஜ்யமாக்கப்படும், அடுத்த வருடத்துக்குப் போகாது. அதன்பிறகு யூனிட் கணக்கைப் பார்ப்பார்கள். வாங்கியதைவிட அனுப்பியது அதிகம் என்றால், அந்த வித்தியாசத்துக்கு மட்டும் மொத்தச் சந்தை விலையில் பணம். உங்கள் 900 யூனிட்டுக்கு 31 டாலர் என்றால் யூனிட்டுக்கு மூன்றரை சென்ட் வருகிறது, அந்த விலை வருடத்துக்கு வருடம் மாறும், ஆனாலும் சில சென்ட்தான்.

இதுவாவது கிடைக்கிறதே என்று சொல்ல ஒரு காரணம் உண்டு. 1990களின் நடுவில் தொடங்கிய நெட் மீட்டரிங்கில், வருட முடிவு மிச்சத்துக்கு நீண்ட காலம் ஒரு சென்ட்கூடக் கிடையாது, எல்லாம் மின் நிறுவனத்துக்கே. 2009 அக்டோபரில் ஆளுநர் ஷ்வார்ஸ்நெக்கர் கையெழுத்திட்ட ஏ.பி. 920 என்ற சட்டம்தான் அதை மாற்றியது. 2011 ஜூனில் மாநிலப் பொதுப் பயன்பாட்டு ஆணையம் விலை போடும் முறையை முடிவு செய்தது: காலை 7 முதல் மாலை 5 வரையிலான மொத்தச் சந்தை விலையின் பன்னிரண்டு மாத சராசரி. அதாவது வெயில் அடிக்கும் நேரத்தின் விலை. கலிஃபோர்னியாவில் நண்பகலில் சோலார் கொட்டிக்கிடக்கிறது, வசந்த காலத்தில் வாங்க ஆளில்லாமல் பெரிய சோலார் பண்ணைகளின் உற்பத்தியைக் குறைக்கச் சொல்லும் நாட்களும் உண்டு. அந்த நேரத்துச் சரக்குக்கு அந்த நேரத்து விலை. வருட முடிவு மிச்சத்துக்கு மொத்த விலை கொடுப்பது அநியாயம் என்று நான் நினைக்கவில்லை. ஆனால் பில்லில் 290 டாலர் என்று மாதக்கணக்கில் காட்டிவிட்டு, கடைசி நாளில் அது காணாமல் போகும் என்பதை அதே பக்கத்தில், அதே அளவு எழுத்தில் சொல்ல வேண்டாமா? இதை ஆணையம் கட்டாயமாக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

சரி, செக்கா கழிவா? நடைமுறையில் இரண்டும் அதே விலையில் போட்ட அதே டாலர்தான், கணக்கில் விட்டால் யூனிட்டாக வளர்ந்து திரும்பி வரும் என்று சிலர் நம்புகிறார்கள், அது நடக்காது. எப்படியும் மாதாமாதம் ஏதோ ஒரு நிலையான கட்டணம் கட்டப் போகிறீர்கள் என்பதால் பில்லில் கழித்துக்கொள்வது வசதி. வீட்டை விற்கப் போகிறீர்கள், கணக்கை மூடப் போகிறீர்கள் என்றால் செக். ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள்: சட்டத்தின் வாசகப்படி, எதையும் தேர்ந்தெடுக்காதவரின் மிச்சத்தை நிறுவனம் இழப்பீடு இல்லாமல் வைத்துக்கொள்ள இடமிருக்கிறது. உங்கள் ஆன்லைன் கணக்கில் என்ன தேர்வு பதிவாகியிருக்கிறது என்று இன்றே பாருங்கள்.

உண்மையில் முடிவெடுக்க வேண்டியது இந்த 31 டாலரைப் பற்றி அல்ல, அடுத்த வருடத்து 900 யூனிட்டைப் பற்றி. விற்றால் மூன்றரை சென்ட், வீட்டில் செலவழித்தால் 30 சென்ட்டுக்கு மேல் கொடுத்து வாங்கியிருக்க வேண்டிய மின்சாரம். மின்சாரக் கார் இருந்தால் 900 யூனிட் என்பது கிட்டத்தட்ட 3,000 மைல் ஓட்டம். கார் இல்லையென்றால், கேஸில் ஓடும் வாட்டர் ஹீட்டர் பழசாகும்போது மின்சாரத்தில் ஓடும் ஹீட் பம்ப் வகைக்கு மாறுங்கள், கேஸ் பில் குறையும், மிச்ச யூனிட்டும் வீட்டுக்குள்ளேயே தீரும். குளிர்காலத்தில் பெற்றோர் ஊரிலிருந்து வந்து தங்கும்போது ஹீட்டரைக் குறைத்து, ஸ்வெட்டர் போட்டுக்கொள்ளச் சொல்லும் வீடுகளை எனக்குத் தெரியும். மிச்சம் இருக்கும் வீட்டில் அது தேவையே இல்லை, அதுவும் அந்த ஹீட்டர் மின்சாரத்தில் ஓடுவதாக இருந்தால்! ட்ரூ-அப்புக்கு மூன்று மாதம் முன்பு ஒரு முறை கணக்கைப் பார்த்து, டாலரிலும் யூனிட்டிலும் மிச்சம் தெரிந்தால் தாராளமாகப் பயன்படுத்துங்கள். வெளியிலிருந்து எடுக்கும் யூனிட்டுக்கு இரண்டு மூன்று சென்ட், க்ரெடிட்டால் கழிக்க முடியாத கட்டணம் ஒன்று உண்டு, அது மட்டும் விழும்.

கேள்வி: நண்பர் வீட்டுக்கு செக் வருகிறது. எங்களுக்கும் வருட முடிவில் 140 டாலர் க்ரெடிட் இருந்தது, ஆனால் ஒரு டாலர்கூட வரவில்லை. எங்களிடம் கார் இருக்கிறது, ராத்திரி சார்ஜ் போடுகிறோம்.
(வாசகர், சான் ரமோன்)

பதில்: விடை உங்கள் கடைசி வாக்கியத்தில் இருக்கிறது. பிற்பகல் 4 முதல் இரவு 9 வரை விலை உச்சம். கோடையில் நாலு, ஐந்து, ஆறு மணிக்கு உங்கள் பேனல் அனுப்பும் யூனிட் உயர்ந்த விலைக்குப் போகிறது, நள்ளிரவுக்கு மேல் காருக்கு எடுக்கும் யூனிட் குறைந்த விலைக்கு வருகிறது. அதனால் டாலர் கணக்கில் நீங்கள் லாபத்தில், யூனிட் கணக்கில் வாங்கியதே அதிகம். மொத்த விலைப் பணம் யூனிட் மிச்சத்துக்கு மட்டும்தான், உங்களுக்கு அது இல்லை. டாலர் மிச்சம் அழிக்கப்பட்டுவிட்டது.

இதில் வருத்தப்பட ஒன்றுமில்லை, நீங்கள் நண்பரைவிட நன்றாகவே பயன்படுத்தியிருக்கிறீர்கள். அந்த 140 டாலரையும் பயன்படுத்த வேண்டுமென்றால் அடுத்த வருடம் இன்னும் கொஞ்சம் ராத்திரி விலையில் எடுங்கள், அவ்வளவுதான்.

கேள்வி: எங்கள் ட்ரூ-அப் அக்டோபரில் வருகிறது. கோடை முழுவதும் சேர்த்த க்ரெடிட் குளிர்காலத்துக்கு முன்பே அழிந்துவிடுகிறது, ஏப்ரலுக்கு மாற்றுங்கள் என்று வாட்ஸ்அப் குழுவில் எல்லாரும் சொல்கிறார்கள். மாற்றலாமா?
(வாசகி, சன்னிவேல்)

பதில்: குழுவில் சொல்வது கேட்கச் சரியாகத்தான் இருக்கிறது, கூட்டிப் பார்த்தால் நிற்காது. அக்டோபரில் தொடங்கினால் முதலில் குளிர்காலக் கடன் ஏறும், பிறகு கோடை வந்து அதை அடைக்கும். ஏப்ரலில் தொடங்கினால் முதலில் க்ரெடிட் சேரும், குளிர்காலம் அதைத் தின்னும். எங்கே தொடங்கினாலும் பன்னிரண்டு மாதத்தின் கூட்டுத்தொகை ஒன்றேதான், வருடா வருடம் உங்கள் வீட்டுப் பழக்கம் ஒரே மாதிரி இருக்கும்வரை.

பிறகு எப்போது மாற்றுவதில் பலன்? வரும் குளிர்காலத்தில் செலவு எகிறப் போகிறது என்று முன்பே தெரிந்தால், உதாரணமாக கேஸ் ஹீட்டரைக் கழற்றிவிட்டு மின்சார ஹீட் பம்ப் போடுகிறீர்கள் என்றால், இந்தக் கோடையின் க்ரெடிட் அதற்கு முன் அழியாமல் இருப்பது நல்லது. இன்னொன்று, உங்கள் ஊரில் பலருக்கு மின்சாரத்தை வாங்கித் தருவது நகராட்சிகள் கூடி நடத்தும் சமூக மின் அமைப்பு, கம்பியை நடத்துவது பி.ஜி. அண்ட் ஈ. இரண்டுக்கும் கணக்கு தனித்தனி, முடிக்கும் தேதியும் வேறாக இருக்கலாம். சமூக அமைப்புகள் சில மாதாமாதம் பில் போடுபவை, வருட மிச்சத்துக்கு மொத்த விலையைவிடக் கொஞ்சம் கூட்டித் தருபவையும் உண்டு. மாதாமாதம் கட்டும் வீட்டுக்கு, க்ரெடிட் முதலில் சேர்ந்து செலவு பின்னால் வருவது கைக்கு இதம். ஆகவே பில்லில் யார் பெயரெல்லாம் இருக்கிறது என்று பார்த்து, இரண்டு இடத்திலும் தனித்தனியாகக் கேளுங்கள்.

மாற்றும் வாய்ப்பு ஒரு முறைதான். மாற்றும் நாளில் நடப்பு வருடக் கணக்கு பாதியில் மூடப்படும் என்பதை வாட்ஸ்அப்பில் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். அன்று உங்கள் கணக்கில் 400 டாலர் க்ரெடிட் இருந்தால் அதுவும் போய்விடும். கடன் பக்கத்தில் இருக்கும்போதோ பூஜ்யத்தை ஒட்டி இருக்கும்போதோ மாற்றுங்கள். உங்கள் நிலையில் அவசரமே இல்லை.

கேள்வி: போன வருடம் ட்ரேசியில் புது வீடு வாங்கினோம், பேனலோடு வந்தது. நண்பர்கள் சொல்லும் கணக்கு எதுவும் எங்கள் பில்லோடு ஒத்துப்போகவில்லை. பகலில் அனுப்புவதற்கு நாலைந்து சென்ட்தான் ஏறுகிறது.
(வாசகர், ட்ரேசி)

பதில்: உங்கள் நண்பர்கள் பழைய திட்டத்தில், நீங்கள் புதியதில். 2022 டிசம்பர் 15 அன்று ஆணையம் போட்ட உத்தரவுப்படி, 2023 ஏப்ரல் 14-க்குப் பிறகு விண்ணப்பித்த எல்லாருக்கும் நெட் பில்லிங். வாங்குவது சில்லறை விலையில். அனுப்புவதற்கு விலை, அந்த மணி நேரத்தில் அந்த மின்சாரம் நிறுவனத்துக்கு எவ்வளவு செலவை மிச்சப்படுத்தியது என்பதைப் பொறுத்து. ஏப்ரல் மாத மதியத்தில் அது சில சென்ட். ஆகஸ்ட் கடைசியிலும் செப்டம்பரிலும், பொழுது சாயும் சில மணி நேரங்களில் அதே யூனிட் ஒரு டாலரைத் தாண்டுவதும் உண்டு.

எனவே பழைய திட்டத்துக்கான யோசனைகளை மறந்துவிடுங்கள். பாத்திரம் கழுவும் மெஷின், துணி, கார் சார்ஜ் எல்லாம் காலை 10 முதல் 3 மணிக்குள், வெயில் இருக்கும்போதே. வீட்டிலிருந்து வேலை செய்யும் நாளில் காரைப் பகலில் மாட்டிவிடுவதுதான் மிகப் பெரிய சேமிப்பு. பேட்டரி வைத்தால் பகல் மிச்சம் மாலைக்கு வரும், ஆனால் 30 சதவீத மத்திய வரிச் சலுகை, சொந்தப் பணத்தில் வாங்கும் வீட்டுக்காரர்களுக்கு 2025 டிசம்பர் 31-ஓடு முடிந்துவிட்டது. அந்தச் சலுகையைச் சேர்த்துப் போட்ட பழைய விலைப் பட்டியலை வைத்துக்கொண்டு யாராவது பேசினால் நம்பாதீர்கள்.

அப்புறம், பழைய வீடு வாங்கப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. முதல் இரண்டு திட்டங்களில் இணைந்த பேனலுக்கு, இணைத்த நாளிலிருந்து 20 வருடம் பழைய விதியே, வீடு கைமாறினாலும் அது பேனலோடு வரும். 2019-ல் இணைத்த வீடு என்றால் 2039 வரை. வீட்டைப் பார்க்கப் போகும்போது இணைப்பு அனுமதிக் கடிதத்தைக் கேட்டு வாங்கித் தேதியைப் பாருங்கள்.

கேள்வி: பழைய திட்டத்தில் இருக்கிறோம். இப்போது யூனிட் பற்றவில்லை. பேனல் கூட்டினால் திட்டம் போய்விடுமா?
(வாசகர், அர்வைன்)

பதில்: முதலில் போட்ட அளவில் 10 சதவீதம் அல்லது 1 கிலோவாட், இதில் எது அதிகமோ அதுவரை கூட்டலாம், திட்டம் போகாது. பேட்டரி சேர்த்தாலும் போகாது. அதற்கு மேல் கூட்டினால் சிக்கல். சில ஒப்பந்தக்காரர்கள் அதிக பேனல் விற்கும் ஆர்வத்தில் இதைச் சொல்வதில்லை, எழுத்தில் வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போடுங்கள்.

கேள்வி: சாக்ரமென்டோவில் இருக்கிறேன். மேலே சொன்ன ட்ரூ-அப் எங்களுக்கும் உண்டா?
(வாசகி, சாக்ரமென்டோ)

பதில்: உங்களுக்கு மின்சாரம் தருவது எஸ்.எம்.யூ.டி., அது மக்கள் தேர்ந்தெடுத்த குழு நடத்தும் பொது நிறுவனம். ஆணையத்தின் இந்த விதிகள் அதற்குப் பொருந்தாது. 2022 மார்ச் 1 முதல் புதிதாகச் சேர்பவர்களுக்கு, எந்த நேரத்தில் அனுப்பினாலும் யூனிட்டுக்கு 7.4 சென்ட் என்று தொடங்கினார்கள். அதற்கு முன் சேர்ந்தவர் என்றால் பழைய நெட் மீட்டரிங் 2030 முடியும்வரை தொடரும். எந்தத் தேதியில் உங்கள் இணைப்புக்கு அனுமதி கிடைத்தது என்று எழுதி அனுப்புங்கள், கூடவே ஒரு கோடை பில், ஒரு குளிர்கால பில், கணக்கு எண்ணை மறைத்துவிட்டு. அடுத்த இதழில் வரி வரியாகப் பார்த்துவிடலாம்.