லேமன் பிரதர்ஸ் ராபர்ட் லேமன் ஓவியம் சேர்த்தது சும்மா பணக்கார பந்தாவா?

பந்தான்னு ஒரேயடியா தள்ளிட முடியாதுங்க. 1925லேர்ந்து 1969ல சாகற வரைக்கும் லேமன் பிரதர்ஸ்ங்கற அந்த அமெரிக்க இன்வெஸ்ட்மென்ட் பேங்க நடத்துனவரு, விமானக் கம்பெனிக்கெல்லாம் முதலீடு திரட்டிக் குடுத்தாரு. ஓவியம் வாங்க ஆரம்பிச்சது என்னவோ அப்பா பிலிப் தான், ஆனா மகனுக்கு நெசமாவே நல்ல கண்ணு, இத்தாலில இருக்கற சியன்னா ஊரு பழைய தங்கப் பின்னணி ஓவியங்க, பொட்டிசெல்லி, ரெம்ப்ராண்ட், ரெனுவார் மாதிரி பெரிய ஓவியருங்க வரைஞ்சது, அப்புறம் டிராயிங்ஸ் வேற, சேர்த்துகிட்டே போனாரு. சுமார் 2,600 பொருள், எல்லாம் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் மியூசியத்துக்குப் போச்சு. கண்டிஷன் ஒண்ணு, பிரிக்காம ஒண்ணா வைக்கணும், அதனாலயே 1975ல தனி விங் திறந்தாங்க, அவரு வீட்டு ரூம் மாதிரியே சில அறைங்க கூட செஞ்சு வச்சிருக்காங்க. இதுல கொஞ்சம் ஈகோ தெரியுது தான், ஆனா ஒரு குடும்பத்தோட ரசனைய மொத்தமா ஒரே இடத்துல பார்க்கலாம்ல.